நெல்லுக்குக் கட்டிய அறை

எங்கள் ஊரில் ஒரு வீடு எழும்பினால், யார் கட்டுகிறார்கள் என்று ஒருவரும் கேட்பதில்லை. எந்த மகளுக்கு என்றுதான் கேட்பார்கள். வீடு பெண்ணின் பெயரில் இருக்கும். கல்யாணம் முடிந்ததும் மாப்பிள்ளை ஒரு பெட்டியோடு அந்த வீட்டுக்கு வந்து சேருவார். அவர் தன் தங்கச்சிக்கு ஒரு வீட்டைக் கட்டிக் கொடுத்துவிட்டு வந்திருப்பார். அந்தத் தங்கச்சியின் மாப்பிள்ளையும் வேறொரு தங்கச்சிக்குக் கட்டிக் கொடுத்துவிட்டுத்தான் வந்திருப்பார். இப்படிப் பார்த்தால், கல்முனைப் பக்கத்து ஆண்கள் பாதிப்பேர் தாங்கள் கட்டாத வீட்டில் குடியிருக்கிறார்கள், கட்டிய வீட்டுக்கு விருந்தாளியாகப் போய் வருகிறார்கள். யாருக்கும் இதில் பெரிய குறையில்லை. என் தமையன், எங்கள் காக்கா ஒருவருக்குத்தான் இந்த ஏற்பாடு சரிவரவில்லை.

வாப்பா மௌத்தானபோது நான் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன். எங்கள் வீட்டில் காக்கா ஒருவர்தான் ஆண்பிள்ளை. வயரிங் வேலை பழகியிருந்தார். வாப்பாவின் நாற்பதாம் நாள் கத்தம் முடிந்த கையோடு கட்டாருக்குப் போய்விட்டார். அங்கிருந்து அனுப்பிய காசில் முதலில் எனக்கு மூத்த ராத்தாவின் வீடு எழும்பியது. எங்கள் பழைய வீட்டை இடித்துவிட்டு அதே வளவில்தான் கட்டினோம். ராத்தாவுக்குக் கல்யாணமானதும் உம்மாவும் நானும் அந்த வீட்டின் பின்பக்கம் தகரம் போட்ட ஒரு பத்திக்குப் போனோம். அதன் பிறகு எனக்காக வீட்டுக்கு முன்னால் போகும் ஒழுங்கையின் மற்றப் பக்கம் ஒரு வளவு வாங்கினார். “உங்களுக்கு எப்ப காக்கா கல்யாணம்?” என்று கேட்டால், “உண்ட வீட்டு வேல முடியட்டும்” என்பார். என் வீட்டுக்கு அத்திவாரம் வெட்டும்போது அவருக்கு நாற்பது தாண்டிவிட்டது, முன்தலை முடியும் விடைபெற்றுவிட்டது. தொப்பியைக் கழற்றாமலே வீடியோவில் கதைப்பார். எனக்குத் தெரியாது என்று நினைப்பு.

அவர் கடைசியாக லீவில் வந்தபோது நான் ஒன்றைக் கண்டேன். ராத்தாவின் வீட்டில் அறைகளில் ராத்தாவும் மச்சானும் பிள்ளைகளும் இருந்தார்கள். காக்கா ஹோலில் பாய் போட்டுப் படுப்பார். மச்சான் எழும்பி வரும்போது காலில் படக்கூடாது என்று சுபஹுத் தொழுகைக்கு முன்பே பாயைச் சுருட்டிக் கதவுக்குப் பின்னால் வைத்துவிடுவார். உடுப்பு மாற்றுவதென்றால் பெட்டியைத் திறந்து சேர்ட்டை எடுத்துக்கொண்டு பாத்ரூமுக்குப் போவார். மச்சான் நல்ல மனிதர், ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஆனாலும் அந்த வீட்டின் ஒவ்வொரு கல்லுக்கும் காசு அனுப்பியவர், லீவு முடியும்வரை தன் உடுப்பைப் பெட்டியிலிருந்து வெளியே எடுத்து அடுக்கவேயில்லை. அடுக்க இடமிருக்கவில்லை.

அதனால் எனக்கு வீடு கட்டத் தொடங்கியதும் முதலில் சொன்னதே இதைத்தான். “காக்கா, உங்களுக்கு ஒரு அறை வைக்கணும்.”

அவர் சிரித்தார். நான் பகிடி விடுகிறேன் என்று நினைத்தார். பகிடியில்லை என்று தெரிந்ததும் குரல் மாறிவிட்டது. “தங்கச்சிட வீட்டில தமையனுக்கு அறையா? ஊர் சிரிக்கும். வாற மாப்பிள்ளைக்கு முழு வீட்டையும் குடுக்கணும். ஒரு அறைய நாம பூட்டி வச்சா அவருக்கு எப்பிடி இரிக்கும்?”

“மறுகா நீங்க வந்தா எங்க படுப்பீங்க?”

“எண்ட தலைக்கு ஒரு இடம் கிடைக்காமலா போகும்?”

“தலைக்குக் கிடைக்கும். மத்ததெல்லாத்தையும் எங்க வைப்பீங்க?”

“அறை கிறை எண்டு கதைச்சா காசு அனுப்ப மாட்டன்” என்று சொல்லி ஃபோனை வைத்துவிட்டார். அவருக்குக் கோபம் வருவதே அபூர்வம். எனக்கோ மூக்கின் நுனியில் நிற்கும். நானும் ஃபோனைக் கட்டிலில் எறிந்தேன். பத்தியிலிருந்த கட்டில் பழையது, ஃபோன் துள்ளி உம்மாவின் மடியில் விழுந்தது. உம்மா அதைத் துடைத்துக்கொண்டே சொன்னா, “அவன்ட சொல்ல கேட்டா அறை வராது, கேக்காட்டி காசு வராது. வேற பேர் வை.”

அந்தப் பேரையும் உம்மாவே வைத்தா. நெல் அறை.

சவளக்கடைப் பக்கம் எங்களுக்கு ஒரு துண்டு வயல் இருக்கிறது. குத்தகைக்கு விட்டிருக்கிறோம். போகத்துக்குப் போகம் குத்தகைக்காரர் தரும் நெல்லை வைக்க உண்மையில் குசினியின் ஒரு மூலையே போதும். ஆனால் காக்காவுக்கு வயல் என்றால் வாப்பாவின் ஞாபகம். நெல் அறை என்றதும் மறுபேச்சுப் பேசாமல் ஒத்துக்கொண்டார். மேசன் பாஸிடம் மட்டும் உண்மையைச் சொன்னோம். அவர் தலையைச் சொறிந்துவிட்டு, “நெல்லுக்கு எந்தப் பக்கம் காத்து வேணும்?” என்று கேட்டார். கடல் பக்கம் என்றேன்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் எனக்குச் சோதனைதான். காக்காவுக்கு வெள்ளி லீவு. ஜும்ஆ முடிந்து, சாப்பிட்டு, தொழிலாளர் கெம்ப்பில் தன் கட்டிலில் சாய்ந்துகொண்டு வீடியோவில் வருவார். நான் ஃபோனைத் தூக்கிக்கொண்டு வீட்டைச் சுற்றிக் காட்ட வேண்டும். அவருக்கு மற்றது எதுவும் பெரிதில்லை. பிளக் பொயின்ற் எங்கே, சுவிட்ச் எந்த உயரத்தில், வயர் எந்தக் கொம்பனி. வயரிங் முழுவதையும் தானே தாளில் கீறி அனுப்பியிருந்தார். “கொஞ்சம் கீழ காட்டு. இல்ல, மற்றப் பக்கம். அது என்ன?” இப்படி ஒரு மணித்தியாலம் போகும். நெல் அறை வரும்போது மட்டும் நான் வேகமாக நடப்பேன்.

“நில்லு, நில்லு. நெல்லுக்கு என்னத்துக்கு ரெண்டு யன்னல்?”

“காத்து வராட்டி பூஞ்சணம் பிடிக்கும் காக்கா.”

அடுத்த மாதம், “நெல்லறைக்குள்ள டைல்ஸா?”

“எலி தோண்டும்.”

“அந்த மூலைல பைப் மாதிரித் தெரியிது?”

“அது பக்கத்து அறைட பாத்ரூம். கெமரால அப்பிடித் தெரியிது.”

பக்கத்தில் அறையே இல்லை. வளவு மதில்தான் இருந்தது. பொய் சொல்லிப் பழகாத எனக்கு இவ்வளவு சரளமாக வந்தது பெரிய அதிசயம். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் பொய் சொன்னால் முகத்தைப் பார்த்தே பிடிக்கிற ரீச்சர் நான். வெள்ளிக்கிழமைகளில் மட்டும் அந்தப் பிள்ளைகளையே தோற்கடித்தேன்.

இடையில் சீமெந்து விலை ஏறியது. டொலர் ஏறியதால் காக்காவின் காசு ரூபாயில் கூடுதலாக விழுந்தது. அவர் சந்தோசப்பட்டு முடிப்பதற்குள் சீமெந்து அதை முந்திக்கொண்டு ஏறியது. பிறகு கடைகளில் சீமெந்தே இல்லாமல் போனது. வேலை நின்று, தொடங்கி, மறுபடி நின்றது. எப்படியோ கூரை ஏறி, ஓடு போட்டு, பூச்சும் முடிந்த நேரத்தில் எனக்கு ஒரு சம்பந்தம் வந்தது. மாப்பிள்ளை சவூதியில் சில வருசம் இருந்துவிட்டு வந்து ஊரில் ஹாட்வெயார் கடை வைத்திருந்தார்.

அவருடைய உம்மாவும் இரண்டு மூன்று பெண்களும் என்னைப் பார்க்க வந்தார்கள். என்னைப் பார்த்ததைவிட வீட்டைப் பார்த்ததுதான் கூட. அதுவும் எங்கள் ஊர் வழக்கம்தான், நான் குறை சொல்லவில்லை. பெண் மாறமாட்டாள், கூரை ஒழுகினால் சிரமம். அந்த மாமி ஒவ்வொரு கதவாகத் திறந்து பார்த்துக்கொண்டு வந்து கடைசியில் அந்த அறைக்கும் வந்துவிட்டா.

“இது?”

“நெல்லு வைக்க” என்றா உம்மா. வாய் பழகிவிட்டது.

மாமி உள்ளே போய்ச் சுற்றிப் பார்த்தா. யன்னலைத் திறந்தா. கடல் காற்று வந்து முந்தானையைத் தூக்கியது. “நெல்லுக்கு என்னத்துக்கு இவ்வளவு நல்ல அறை? மகன்ட கடைப் பெயின்ற் வாளியெல்லாத்தையும் இதில அடுக்கலாமே” என்றா.

அந்த டைல்ஸில் பெயின்ற் வாளி. உம்மா பின்னாலிருந்து என் முழங்கையைக் கிள்ளினா. கிள்ளினதுதான் மிச்சம். “அது எண்ட காக்காட அறை மாமி. அவர் கட்டார்ல இரிந்து வந்தா அதிலதான் இரிப்பார். அவர் இல்லாத நேரத்திலயும் அது அவருட அறைதான்” என்று சொல்லிவிட்டேன்.

வந்தவர்கள் வட்டிலப்ப இனிப்பை அப்படியே வைத்துவிட்டு எழும்பினார்கள். ஸலாம் சொன்னார்கள், நல்ல முறையில்தான் சொன்னார்கள். ஆனாலும் ஒட்டோ புறப்பட்டதும் உம்மா கதிரையில் இருந்து அழுதா. “உண்ட வாயால கெட்டாய். அவன் அங்க வெயிலுக்க நிண்டு அனுப்பினதெல்லாம் இதுக்குத்தானே?” எனக்கும் அழுகை வந்தது. ஆனால் சொன்னதைத் திரும்ப எடுக்க மனம் வரவில்லை. பெயின்ற் வாளிக்குப் பயந்து காக்காவை மறுபடி ஹோலில் படுக்கவிட என்னால் முடியாது. மீதமிருந்த வட்டிலப்பத்தை நானும் உம்மாவும்தான் சாப்பிட்டோம். அழுதழுது சாப்பிட்டாலும் நன்றாகத்தான் இருந்தது.

இரண்டு நாள் கழித்து மாப்பிள்ளையே ஃபோன் எடுத்தார். கதை பிசகிவிட்டது என்பதை மரியாதையாகச் சொல்லத்தான் எடுக்கிறார் என்று நினைத்து விறைத்துக்கொண்டு பேசினேன்.

“உம்மா சொன்னா. காக்காக்கு ஒரு அறை வச்சிருக்கிறீங்களாம்.”

“ஓம். அது மாறாது.”

“மாத்தச் சொல்லி எடுக்கல்ல. நானும் தங்கச்சிக்கு வீடு கட்டினவன்தான். அங்க போனா சேர்ட்டக் கழட்டிக் கொழுவ எனக்கெண்டு ஒரு ஆணி இல்ல. கதிரைட முதுகில போடுவன், மறுகா யாராவது அதில சாஞ்சிருவாங்க.” கொஞ்சம் நிறுத்தி, “பெயின்ற் வாளி கடைலயே இரிக்கட்டும்” என்றார்.

அந்த ஆணிக் கதைக்காகவே நான் ஓம் என்று சொல்லிவிட்டேன் என்று இன்றைக்கும் அவரிடம் சொல்லிக் காட்டுவேன்.

கல்யாணம் நிச்சயமானது. காக்கா லீவுக்கு எழுதிக் கொடுத்தார். இந்த நேரத்தில்தான் எனக்குக் காய்ச்சல் வந்து ஒரு வெள்ளிக்கிழமை படுத்துவிட்டேன். ஃபோனைத் தூக்கிக்கொண்டு உம்மா போனா. உம்மாவுக்குக் கெமராவை மறைக்கவும் தெரியாது, வேகமாக நடக்கவும் தெரியாது. நேரே நெல் அறைக்குள் போய் நடுவில் நின்றுகொண்டு, “தெரியிதா மனே?” என்று கேட்டிருக்கிறா. காக்கா எல்லாவற்றையும் கண்டுவிட்டார். சுவரோடு பதித்த அலுமாரி, பாத்ரூம் கதவு, உள்பக்கம் தாழ்ப்பாள் போட்ட தேக்கங்கதவு. எல்லாவற்றுக்கும் மேலாக, தான் கீறிக் கொடுத்த தாளில் இல்லாத ஒரு பொயின்ற்.

“அது ஏசி பொயின்ற். நெல்லுக்கு ஏசியா உம்மா? கதவு என்ன இவ்வளவு மொத்தம்?”

உம்மா யோசித்திருக்கிறா. யோசித்துவிட்டு, “இறக்காமம் ஊர்ல யானை வந்து கதவ உடைச்சி நெல்லத் திண்டதாம் மனே” என்று சொல்லியிருக்கிறா.

“கல்முனைக் கடற்கரைக்கு யானை வந்தா பேப்பர்ல வரும் உம்மா.”

அத்தோடு கோல் கட்டாகிவிட்டது. அடுத்த வெள்ளியும் எடுக்கவில்லை. பிடிபட்டுவிட்டோம், இனி அவர் கல்யாணத்துக்கு வரப்போவதும் இல்லை என்று நான் பயந்துகொண்டிருக்க, ஒரு வொயிஸ் மெசேஜ் வந்தது. நானும் உம்மாவும் தலையோடு தலை முட்டிக் கேட்டோம்.

“எனக்கு விளங்கிட்டு. மாப்பிள்ளைப் பகுதி ஒரு அறை கூடக் கேட்டிருக்காங்க. எனக்குப் பாரம் எண்டு நீங்க ரெண்டு பேரும் நெல்லு, யானை எண்டு மறைக்கிறீங்க. இதெல்லாம் மறைக்கிற விசயமா? கேட்டா குடுக்கத்தான் வேணும். ஏசி நல்ல கொம்பனில வாங்கு. கட்டில் மெத்தை எல்லாம் அவருக்கு எப்பிடி வேணுமோ அப்பிடி எடு. குறை வைக்காத. காச நான் போட்டுவிடுறன்.”

உம்மா என்னைப் பார்த்தா, நான் உம்மாவைப் பார்த்தேன். உடனே உண்மையைச் சொல்லப் போனேன். உம்மா ஃபோனைப் பறித்துக்கொண்டா. “சொன்னா நிப்பாட்டிருவான். தனக்கெண்டா பிளாஸ்டிக் கதிரை போதும்பான். அவன் யாரோ ஒரு மாப்பிள்ளைக்குக் குடுக்கிறதாவே இரிக்கட்டும்.” எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு அந்த வொயிஸைத் தனியே இன்னொரு தடவை கேட்டேன், அப்போது சிரிப்பு வரவில்லை. முகம் தெரியாத ஒருவன் வசதியாகப் படுக்க இவ்வளவு ஆசையாகச் சாமான் பார்க்கிற மனிதர், தனக்கென்று ஒரு தலையணை வாங்கியதை நான் கண்டதில்லை.

அன்றிலிருந்து தினமும் படங்கள் வந்தன. இந்தக் கட்டிலா அந்தக் கட்டிலா, மெத்தை கெட்டியா மெதுவா. மாப்பிள்ளைக்கு முதுகு வலி இருக்கிறதா என்று கேட்டார். “உங்களுக்கு எது பிடிச்சிரிக்கு காக்கா?” என்று நான் கேட்பேன். “எனக்குப் பிடிச்சி என்ன செய்ய? ஆனா அந்த மரக்கலர் நல்லா இரிக்கி” என்பார். அந்த மரக்கலரையே எடுத்தோம். மாப்பிள்ளையோடு மட்டும் அவருக்கு உள்ளூரக் கோபம். கோல் எடுத்து, ஸலாம் சொல்லி, “அறை சரியா?” என்று மட்டும் கேட்டாராம். மாப்பிள்ளை, “உங்களுக்குச் சரியெண்டா எனக்கும் சரி” என்றாராம். “நல்ல கெட்டிக்காரன்” என்று உம்மாவிடம் காக்கா சொல்லியிருக்கிறார். பாராட்டாகச் சொல்லவில்லை.

கல்யாணத்துக்கு ஒரு கிழமைக்கு முன்னால், பின்னேரம் அஸர்த் தொழுகைக்குப் பாங்கு சொல்லும் நேரம், கட்டுநாயக்கா எயார்போட்டிலிருந்து வந்த வேன் எங்கள் ஒழுங்கைக்குள் திரும்பியது. என் புது வீடு நிறையப் பெண்கள் பலகாரம் சுட்டுக்கொண்டிருந்தார்கள். காக்கா இறங்கி, உம்மாவைக் கட்டிப் பிடித்து, ராத்தாவின் பிள்ளைகளைத் தூக்கி, என் தலையில் கை வைத்தார். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, ஹோலில் இருந்த கதிரையின் விளிம்பில் இருந்தார். அவர் கட்டிய வீடு. முதுகு சாயாமல், டொக்டரைப் பார்க்கக் காத்திருக்கிறவர் மாதிரி.

“பெட்டிய எங்க வைக்கட்டும்?” என்று வேன்காரர் கேட்டார்.

“நெல்லறைல வைங்க” என்றா உம்மா.

காக்கா சட்டென்று எழும்பினார். “அங்க ஏன் உம்மா? அது மாப்பிள்ளைட அறை. இஞ்சயே சுவரோரமா வைங்க. பாயும் இதிலயே போட்டா சரி.”

எத்தனையோ மாதம் பொறுமையாகப் பொய் சொன்ன எனக்கு அந்தப் ‘பாய்’ என்ற சொல்லோடு பொறுமை போய்விட்டது. சுட்ட பலகாரத் தட்டோடு நின்றவள் அதை யார் கையிலோ திணித்துவிட்டுக் கத்தினேன். “எந்த மாப்பிள்ளை? அவர் ஒரு ஆணி கூடக் கேக்கல்ல. அது உங்கட அறை. அத்திவாரம் வெட்டின நாளிலிரிந்து உங்கட அறை. உங்கட மரக்கலர், உங்கட மெத்தை. இனி இந்த வீட்டில நீங்க பாய் விரிச்சா நான் கல்யாணமே முடிக்க மாட்டன்!”

காக்கா தொப்பியைக் கழற்றினார். “ஊர்...” என்று தொடங்கினார். நான் முறைத்த முறைப்பில் ஊரை அத்தோடு விட்டுவிட்டார். பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு அந்த அறைக்குள் போனார். நாங்கள் வாசலில் நின்று பார்த்தோம். சுவிட்சை ஒவ்வொன்றாகப் போட்டு அணைத்தார். மெத்தையைக் கையால் அமத்தினார். யன்னல் பக்கம் திரும்பி, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கொஞ்சம் நின்றார். பிறகு வந்து கதவைச் சாத்தினார். தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது.

திறக்கவில்லை. தேத்தண்ணி ஊற்றி வைத்தாயிற்று, ஆறியும் விட்டது. தாழ்ப்பாள் இழுபடும், மறுபடி விழும். திரும்பவும் இழுபடும், விழும். கோபித்துக்கொண்டு பெட்டியோடு ராத்தா வீட்டுக்குப் போய்விடுவாரோ என்று பயந்தேன். உம்மா கண்ணைக் காட்டினா. தேத்தண்ணியோடு போய்த் தட்டினேன்.

“காக்கா... என்ன செய்யிறீங்க?”

கதவு கொஞ்சமாகத் திறந்தது. கண் இரண்டும் சிவந்திருந்தன, வாய் சிரித்துக்கொண்டிருந்தது. சேர்ட் அலுமாரியில் கொழுவியிருந்தது.

“ஒண்டுமில்ல புள்ள. வாப்பாட வீட்டில விறாந்தைல படுத்தன். அங்க கெம்ப்பில அறைக்கு எட்டுப் பேர். ராத்தாட வீட்டில ஹோல். உள்ளுக்க இரிந்து பூட்டுற கதவு எனக்கு இதுக்கு முன்ன இரிக்கல்ல.”

நான் தேத்தண்ணியை நீட்டினேன்.

“ஹோல் மேசைல வை,” என்றார் காக்கா. “இன்னொருக்காப் பூட்டிப் பாத்திட்டு வாறன்.”